தார் டப்பாவைக் கீழே வையுங்கள் தோழர்

மகளிர் தினத்துக்கு முந்தைய ஞாயிற்றுக்கிழமை. அம்பத்தூர் தொழிற்பேட்டைக்குப் பின்புறம் எங்கள் படிப்பகத்தில் கூட்டம். எட்டுப் பேர், இரண்டு பாய், ஆறு டீ. 'உழைக்கும் பெண்: உடலும் மானமும்' என்று தலைப்பு வைத்தாயிற்று. பேனரில் யார் யார் படம் போடுவது என்று பேச்சு வந்தது. சாவித்திரிபாய் பூலே என்றார்கள், சரி. மூவலூர் இராமாமிர்தம் என்றார்கள், சரி. மணிமேகலை என்று ஒரு தங்கச்சி சொன்னாள், பௌத்தம் வந்துவிட்டது என்று எல்லோருக்கும் சந்தோஷம். பி.கே. ரோஸி என்றபோது கைகூடத் தட்டினார்கள். ஐந்தாவதாக நான் ஒரு பேர் எழுதினேன். ஷகீலா.

முதலில் சிரிப்பு. நான் சிரிக்கவில்லை என்று தெரிந்ததும் அமைதி. பிறகு நான் மதிக்கிற மூத்த தோழர் ஒருவர் சிவப்பு மையில் அந்தப் பேரை அடித்தார். ஒரு தடவை அல்ல, மூன்று தடவை, கீழே இருப்பது தெரியக்கூடாது என்கிற மாதிரி. "குடும்பப் பொம்பளைங்க வர்ற கூட்டம்மா. இன்னாத்துக்கு இந்த வேலை நமக்கு? அந்தம்மா தலித்தும் இல்ல" என்றார். மறுத்து எழுதுவேன் என்றேன். எழுது, போடச் சொல்கிறேன் என்றார். அந்த ஜனநாயகத்துக்கு நன்றி சொல்லிவிட்டு ஆரம்பிக்கிறேன்.

அடிக்காமல் விட்ட பேர்களிலிருந்தே தொடங்கலாம். மணிமேகலை யார்? மாதவியின் மகள், சித்திராபதியின் பேத்தி. கணிகையர் குலம். பேத்தியும் ஆடரங்கு ஏறவேண்டும் என்று பாட்டி கடைசிவரை மல்லுக்கட்டுகிறாள். அமுதசுரபி வந்தது அந்தக் கைகளுக்குத்தான். மூவலூர் அம்மையார் யார்? தாசி முறைக்குள் வளர்ந்து, அதை உடைத்துக்கொண்டு வெளியே வந்து, 1936-ல் அந்த முறையைத் தோலுரித்து நாவல் எழுதியவர். நமது பேனரில் நான்கு பேர் என்றால் இரண்டு பேர் 'அந்த மாதிரி' வீட்டிலிருந்து வந்தவர்கள். அவர்கள் செத்துப் பல காலம் ஆகிவிட்டது, ஒருத்தி காப்பியத்தில் இருக்கிறாள். அதனால் குடும்பப் பெண்களுக்கு ஆபத்தில்லை.

ரோஸி கதை இன்னும் கொடுமை. புல் அறுத்துப் பிழைத்த புலையர் வீட்டுப் பெண். காக்காரிசி நாடகம் ஆடத் தெரியும். அகஸ்தீஸ்வரத்துக்காரர் ஜே.சி. டேனியல் எடுத்த 'விகதகுமாரன்' படத்தில் நாயர் பெண்ணாக நடித்தார். 1930-ஐ ஒட்டிய காலம். திருவனந்தபுரம் கேப்பிடல் தியேட்டரில் படம் ஓடியபோது, புலைச்சி நாயர் பெண்ணாக வருவதா என்று திரைமேல் கல் விழுந்தது. குடிசைக்குத் தீ வைத்தார்கள். ஒரு லாரியில் ஏறித் தப்பித்து நாகர்கோவில் பக்கம் வந்தவர், ராஜம்மாள் என்ற பேரில் யாருக்கும் தெரியாமல் வாழ்ந்து முடிந்தார். படச்சுருளும் மிஞ்சவில்லை. இன்று ஆவடிப் பக்கம் கரலப்பாக்கத்தில் பிறந்த பா. ரஞ்சித்தின் நீலம் அமைப்பு அவர் பேரில் சென்னையில் திரைப்பட விழா நடத்துகிறது. நல்ல காரியம், நான் போய்ப் பார்த்து வந்தேன். ஆனால் நான் தோழரைக் கேட்பது இதுதான்: அந்தக் காலத்தில் கேப்பிடல் தியேட்டருக்குள் நீங்கள் உட்கார்ந்திருந்தால் என்ன செய்திருப்பீர்கள்? கல் எடுத்திருக்கமாட்டீர்கள், தெரியும். "நம்ம பொண்ணு இப்படி ஆம்பளைகூட ஆடலாமா, நமக்கு மானம் போகுதே" என்று ரோஸியின் அப்பனிடம் போய்ச் சொல்லியிருப்பீர்கள். கல்லைவிட அது சின்ன அடி என்று நான் நினைக்கவில்லை.

ஷகீலா தலித் இல்லைதான். கோடம்பாக்கத்தில் பிறந்த முஸ்லிம் பெண். அம்மா நெல்லூர்ப் பக்கத்துக்காரர். பத்தாம் வகுப்பில் தேறவில்லை. 1995-ல் 'ப்ளே கேர்ள்ஸ்' என்ற படத்தில் சில்க் ஸ்மிதாவோடு வந்தார். அடுத்த வருஷம் செப்டம்பர் 23-ல் சில்க் செத்துப்போனார். 'வண்டிச்சக்கரம்' படத்தின் கதாபாத்திரப் பேரையே ஒட்டவைத்து, விஜயலட்சுமி என்ற பேரைத் தின்றுவிட்ட ஊர் இது. அவர் உயிரோடு இருந்தவரை நாக்கைச் சப்புக்கொட்டியது. போனபிறகு கவிதை எழுதியது. 2011-ல் இந்தியில் அவர் வாழ்க்கையை நினைவுபடுத்தும் படம் எடுத்து, நடித்தவருக்குத் தேசிய விருதும் கொடுத்தது. அதிருக்கட்டும். 2000-ல் ஷகீலாவின் 'கின்னாரத்தும்பிகள்' வந்தது. சில லட்சத்தில் எடுத்த மலையாளப் படம் கோடிகளில் வசூல் பார்த்தது, பல மொழிகளில் டப்பிங் ஆனது. மலையாள சினிமா படுத்துக்கிடந்த வருஷங்கள் அவை. ஆள் வராத தியேட்டர்கள் ஷகீலா போஸ்டரால் கதவு திறந்து வைத்திருந்தன. பெரிய நட்சத்திரங்களின் படங்களுக்குப் போட்டியாக அந்தப் படங்கள் ஓடின என்பதை மலையாள சினிமாக்காரர்களே பேசியிருக்கிறார்கள். தயாரிப்பாளர் சம்பாதித்தார். விநியோகஸ்தர் சம்பாதித்தார். தியேட்டர்காரர் சம்பாதித்தார். முறுக்கு விற்றவர்கூடச் சம்பாதித்தார். தன் சம்பாத்தியத்தைச் சொந்தக் குடும்பமே எடுத்துக்கொண்டது என்று ஷகீலாவே பல பேட்டிகளில் சொல்லியிருக்கிறார்.

அப்போது எனக்குப் பத்து வயசு இருக்கும். ஆவடியிலும் பூந்தமல்லியிலும் அம்பத்தூரிலும் காலைக்காட்சி என்று தனியாகப் போஸ்டர் வரும். வட்டத்துக்குள் பெரிய 'ஏ'. மைதாப் பசை வாளியோடு சைக்கிளில் வருகிற ஆள் அதை எங்கே ஒட்டுவார் தெரியுமா? கோயில் தெருவில் ஒட்டமாட்டார். கான்வென்ட் சுவரில் ஒட்டமாட்டார். எங்கள் காலனிச் சுவரில், எங்கள் பொதுக்குழாய்க்கு மேலே, எங்கள் ரேஷன் கடைக்கு எதிரில் ஒட்டுவார். குடம் வைத்துக்கொண்டு நிற்கிற பெண்களுக்கு மேலே ஷகீலா நிற்பார். ஊருக்கு வேண்டியது எல்லாம் எங்கள் சுவரில்தான். குப்பைத்தொட்டியும் அங்கேதான், சாராயக்கடையும் அங்கேதான், ஊரின் ஆசையும் அங்கேதான். பார்க்க வருகிறவர்கள் ஊர்க்காரர்கள். முகத்தில் கர்ச்சீப் கட்டிக்கொண்டு சைக்கிளைத் தூரத்தில் நிறுத்திவிட்டு வருவார்கள். 'பிட்டு' முடிந்ததும் படம் முடிவதற்குள் எழுந்து வெளியே வருவார்கள். வெளியே வந்ததும் கர்ச்சீப்பை அவிழ்த்து உதறுவார்கள். அவ்வளவுதான், தீட்டு போய்விட்டது.

எனக்குப் போகவில்லை. ஏழாம் வகுப்பில் நான் கொஞ்சம் பருமன், கறுப்பு. ஒரு பையன் 'ஷகீலா' என்று கூப்பிட ஆரம்பித்தான். பிறகு வகுப்பே கூப்பிட்டது. ஒருநாள் கரும்பலகை துடைக்க என்னைக் கூப்பிட்ட வாத்தியாரும் அந்தப் பேரைச் சொன்னார். தவறிப்போய் வாயில் வந்த மாதிரி சொன்னார், வகுப்பு சிரித்தது, அவரும் சிரித்தார். மூன்று வருஷம் என் பேர் அதுதான். வீட்டில் சொன்னால் அம்மா அந்தப் பள்ளிக்கூடத்தை நிறுத்திவிடுவாள் என்று சொல்லவில்லை. நான் வெறுத்தது யாரைத் தெரியுமா? அந்தப் பையனை இல்லை, வாத்தியாரை இல்லை, ஷகீலாவைத்தான். இந்தப் பொம்பளையால்தானே என்று ராத்திரியில் அழுதிருக்கிறேன். எம்.ஏ. தமிழ் முடிக்கிறவரைக்கும் அந்த வெறுப்பு என்னிடம் இருந்தது. அதனால் தோழர் பேரை அடித்தபோது அந்தச் சிவப்புப் பேனாவை எனக்கு அடையாளம் தெரிந்தது. நானும் அதைப் பிடித்திருந்தவள்.

எம்.ஏ.வில் மருதத்திணை பாடம் நடத்தினார்கள். தலைவன் பரத்தையிடம் போவான், வருவான், தலைவி ஊடுவாள், பாணன் வாயில் வேண்டுவான். பேராசிரியர் ரசித்து ரசித்து நடத்துவார். காதற்பரத்தை, இற்பரத்தை, சேரிப்பரத்தை என்று வகைப்படுத்திப் பரீட்சைக்குக் கேள்வி வரும், ஐந்து மதிப்பெண். சேரி என்றால் அந்தக் காலத்தில் தெரு என்று பொருள், இன்றைய சேரி இல்லை என்று என்னைப் பார்த்து விளக்கம் வேறு. சரி ஐயா. தலைவனைத் 'தலைவன்' என்கிறீர்கள். போனவனுக்கு ஏன் வகைப்பாடு இல்லை? 'பரத்தையிடம் போன தலைவன்' என்று ஒரு இலக்கணப் பேர் ஏன் அவன் நெற்றியில் ஒட்டவில்லை? இரண்டாயிரம் வருஷ உரைமரபில் இதைக் கேட்க ஒரு ஆள் இல்லையா? கேட்டேன். 'ரொம்பப் பேசுறே' என்றார்.

இனி ஒருத்தியைப் பற்றிச் சொல்லவேண்டும். எங்கள் காலனி அக்கா. பேர் போடமாட்டேன். இந்தக் கட்டுரையை எழுதுவதாகச் சொன்னபோது, "எழுது, ஆனா ஊரு பேரு கண்டுபுடிக்கிற மாதிரி எழுதாத" என்றாள். இருபது இருபத்திரண்டு வருஷத்துக்கு முந்தைய கதை. புருஷன் வேலைபார்த்த கம்பெனியில் கதவடைப்பு. இரண்டு பிள்ளைகள். விடிகாலையில் குமணன்சாவடியில் ஒரு வேன் வந்து நிற்கும், துணை நடிகைகளை ஏற்றிக்கொண்டு வளசரவாக்கம், சாலிகிராமம் பக்கம் போகும். கூட்டத்தில் நிற்க, கல்யாண வீட்டில் உட்கார, கோயிலில் பொங்கல் வைக்க. நாள் கூலி. ஒருநாள் ஏஜெண்டு வேறு வேலை என்றான். அவள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்:

"மொகம் வராதுன்னான். மொகம் வராதுன்னு சொல்லித்தான் கூட்டினு போனாங்க. யாருக்கு டூப்பு, இன்னா படம், எதுவும் சொல்லல. நானும் கேக்கல. ஒரு ரூம்பு, ஒரு கட்டிலு, நாலு ஆம்பள, ஒரு லைட்டு. மேக்கப்புக்காரன் வந்து கையப் பாத்தான். முழங்கையிலருந்து மணிக்கட்டு வரைக்கும் பச்சை குத்தியிருந்தது. எங்க ஆயா குத்தி வுட்டது, தேளும் கோலமும். அய்யயோ இன்னாம்மா இதுன்னான். பேன்கேக்க எடுத்து அப்புனான். மேல மேல அப்புனான். ஒரு மணி நேரம். அந்த லைட்டு சூட்டுல வேர்வை வந்துச்சி பாரு, வெளிய வந்துட்ச்சி தேளு. டைரக்டரோ யாரோ, எங்கேருந்துடா புடிச்சினு வர்றீங்க, சேரியிலருந்தான்னு கத்துனான். துணிய வுட்டுட்டு நிக்கிறப்போ வராத வெக்கம் எனுக்கு அப்போ வந்துச்சி. ஐந்நூறு ரூபா. ஏஜெண்டு இருநூறு எடுத்துக்கினான். ஒரு பிரியாணிப் பொட்டலம் குடுத்தாங்க. அத்த புள்ளைங்களுக்கு எடுத்தாந்தேன்."

நான் இதற்கு உரை எழுதப்போவதில்லை. ஒரே ஒரு விஷயம். தன் படங்களில் தான் நடிக்காத காட்சிகளை வேறு பெண்ணின் உடலை வைத்து எடுத்து ஒட்டினார்கள் என்று ஷகீலாவே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். பத்திரிகைகளும் அதை ஷகீலாவுக்கு நேர்ந்த மோசடியாக எழுதின. மோசடிதான். ஆனால் அந்த 'வேறு பெண்' யார் என்று எந்தப் பத்திரிகையும் கேட்கவில்லை. உடம்பு மட்டும் வேண்டும், முகம் வேண்டாம், பேர் வேண்டாம், கையில் பச்சை வேண்டாம். ஷகீலாவுக்காவது ஒரு கெட்ட பேர் இருந்தது. எங்கள் அக்காவுக்கு அதுவும் இல்லை. நீலப்படம், ஆபாசப் படம், அருவருப்புப் படம் என்று எல்லோரும் பேசுகிற அந்தத் தொழிலின் கடைசிப் படி எங்கே ஊன்றியிருக்கிறது என்று பார்த்தால் குமணன்சாவடி வேன் நிற்கிற இடத்தில் ஊன்றியிருக்கிறது. நடிகை தலித் இல்லை என்று தோழர் சொன்னாரே, படியை மேலேயிருந்து பார்த்தால் அப்படித்தான் தெரியும்.

பச்சை குத்துகிறதைப் பற்றி ஆயா சொல்லக் கேட்டிருக்கிறேன். மஞ்சள்தூளும் அகத்திக்கீரையும் சேர்த்துத் துணியில் வைத்துத் திரி செய்து, ஆமணக்கெண்ணெயில் எரித்து, புதுச்சட்டியைக் கவிழ்த்துப் புகைக்கரி பிடிப்பார்கள். அதைத் தாய்ப்பாலில் குழைத்து, ஊசியால் குத்துவார்கள். குறத்தியம்மாக்கள் கூடையோடு வந்து பாட்டுப் பாடிக்கொண்டே குத்துவார்கள், வலி தெரியாமல் இருக்க. நகை போட வக்கில்லாத, போட்டாலும் ஊர் விடாத எங்கள் பெண்களுக்கு அதுதான் நகை. செத்தால் கூட வருவது அது ஒன்றுதான் என்பாள் ஆயா. எழுபதுகளில் எம்.ஜி.ஆர். சொன்னார் என்று கட்சிக்கொடியைக் கையில் குத்திக்கொண்ட பெரியப்பாக்கள் எங்கள் காலனியில் உண்டு. 2016 பிப்ரவரியில் ஜெயலலிதா பிறந்த நாளுக்கு அவர் முகத்தையே கையில் குத்திக்கொண்டார்கள், செய்தித்தாளில் வந்தது. தலைவர்களை எங்கள் தோலில் சுமப்பது பக்தி. எங்கள் தேளை நாங்கள் சுமந்தால் காட்டுமிராண்டித்தனம். இப்போது அண்ணாநகரில் ஏசி அறையில் பல்லாயிரம் ரூபாய் கொடுத்து அதே தேளைக் குத்திக்கொள்கிறார்கள். பேர் டாட்டூ. கழுத்தில் டாட்டூ குத்திய பணக்காரப் பெண் தைரியசாலி. அதே கழுத்தில் எங்கள் காலனிப் பெண் குத்திக்கொண்டு வேலைக்குப் போனால் மேற்பார்வையாளன் பார்க்கிற பார்வை வேறு. 'அந்த மாதிரி' என்று பார்ப்பான். ஒரே மை, ஒரே ஊசி. தோல்தான் வேறு.

நாமே குத்திக்கொள்கிற பச்சை ஒன்று. அடுத்தவன் குத்துகிற பச்சை இன்னொன்று. 1993 டிசம்பரில் பஞ்சாப் அமிர்தசரஸில் நான்கு பெண்களைப் பிடித்துக்கொண்டுபோன போலீஸ்காரர்கள் அவர்கள் நெற்றியில் 'ஜேப் கத்ரி' என்று பச்சை குத்தினார்கள். பிக்பாக்கெட்காரி என்று அர்த்தம். பிறப்பாலேயே குற்றவாளி என்று வெள்ளைக்காரன் சட்டம் போட்ட சான்சி சமூகத்துப் பெண்கள். நீதிமன்றத்துக்குக் கூட்டிவந்தபோது துப்பட்டாவால் நெற்றியை மறைத்துக் கட்டியிருந்தார்கள். குத்திய போலீஸ்காரர்களுக்கு பாட்டியாலாவில் சிபிஐ நீதிமன்றம் தண்டனை கொடுத்தது 2016-ல். நடுவில் இருபத்திரண்டு வருஷம் அந்தப் பெண்கள் நெற்றியோடு வாழ்ந்தார்கள்.

ஷகீலா என்ற பேர் அப்படிக் குத்தப்பட்டது. ஏழாம் வகுப்பில் எனக்குக் குத்தினார்கள், இன்றைக்கும் எங்கேயாவது ஒரு பஸ்ஸில் ஒரு பெண்ணுக்குக் குத்திக்கொண்டிருக்கிறார்கள். படம் எடுத்தவன் நெற்றியில் ஏதாவது எழுதியிருக்கிறதா? கர்ச்சீப் கட்டி வந்தவன் நெற்றியில்? அவன் இப்போது அபார்ட்மெண்ட் சங்கத்தின் செயலாளர், பண்பாடு கெட்டுவிட்டது என்று வாட்சப்பில் அனுப்புகிறான்.

கேரளத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். 2017 ஆகஸ்டில் கொச்சியில் ஒரு செல்போன் கடையைத் திறந்துவைக்க சன்னி லியோன் வந்தார். நீலப்படத் தொழிலில் இருந்ததைத் தானே மறைக்காமல் சொல்கிறவர். கனடாவில் பிறந்தவர், நல்ல சிவப்பு. சாலையே தெரியாத அளவுக்குக் கூட்டம், படம் எடுத்து நாடெல்லாம் பார்த்தது. 2022 நவம்பரில் கோழிக்கோட்டில் ஒரு பட முன்னோட்ட விழாவுக்கு ஷகீலா சிறப்பு விருந்தினர். ஷகீலா வருகிறார் என்றதும் அந்த மால்காரர்கள் இடம் தர மறுத்தார்கள் என்று படத்தின் இயக்குநர் அறிவித்தார். மால்காரர்கள் பாதுகாப்புப் பிரச்சினை என்றார்கள். இது எனக்குப் புதிதில்லை, ரொம்ப காலமாக நடக்கிறது என்றார் ஷகீலா. சன்னி லியோனுக்கும் எல்லா இடத்திலும் ஆரத்தி எடுத்தார்கள் என்று சொல்லவில்லை. அதே 2017 முடிவில் பெங்களூரில் அவருடைய புத்தாண்டு நிகழ்ச்சிக்குத் தடை போட்டார்கள். ஆனால் அங்கே ஒரு தராசு இருக்கிறது. வெளிநாட்டுப் பாஸ்போர்ட்டும் சிவப்புத் தோலும் ஆங்கிலமும் ஒரு தட்டில். கோடம்பாக்கத்துக் கறுப்பும் பருமனும் உடைந்த மலையாளமும் ஒரு தட்டில். இரண்டு பேரும் செய்தது ஒரே தொழிலும் இல்லை, ஷகீலா செய்தது அதில் கால்பங்குகூட இல்லை. இருந்தாலும் தராசு எப்படிச் சாய்கிறது பாருங்கள். அந்தச் சாய்வை வேறு எங்கேயாவது பார்த்திருக்கிறோமா தோழர்?

தமிழ்நாட்டில் அவருக்கு மன்னிப்பு கிடைத்துவிட்டதே என்பார்கள். 2020 முடிவில் தொலைக்காட்சி சமையல் நிகழ்ச்சிக்கு வந்தார், இறுதிச்சுற்று வரை போனார், வீட்டுக்கு வீடு 'ஷகீலா அம்மா' ஆனார். எங்கள் அம்மாவே பார்த்துக் கண்கலங்கினாள். எனக்கும் சந்தோஷம்தான், பொய் சொல்லமாட்டேன். ஆனால் அவர் என்ன குற்றம் செய்தார் மன்னிப்பதற்கு? கேமரா அடுக்களைக்குள் வைத்துக் காட்டினால்தான் ஒரு பெண்ணுக்குச் சுத்தம் வருமா? அம்மா என்று ஆக்கிவிட்டால் அதற்கு முந்தைய உடம்பைப் பார்த்தது நீங்கள் இல்லை என்றாகிவிடுமா? சதிராட்டத்தைக் கழுவிப் பரதநாட்டியம் ஆக்கிக் கச்சேரி மேடைக்குக் கொண்டுபோனார்கள், ஆடிக்கொண்டிருந்த பெண்களை அப்படியே வெளியே விட்டார்கள். 1947-ல் தேவதாசி ஒழிப்புச் சட்டம் வந்தது. சட்டம் வேண்டியதுதான். சலங்கை அய்யர் வீட்டுக்குப் போனது, பேர் மட்டும் அந்தப் பெண்களின் பேத்திகளிடம் இருக்கிறது.

தோழர் கடைசியாக எடுக்கப்போகிற ஆயுதம் எனக்குத் தெரியும், பாபாசாகேப். 1936 ஜூனில் பம்பாய் பரேலில் தாமோதர் மண்டபத்தில் தேவதாசிகள், முரளிகள், ஜோகதிகள் கூட்டத்தில் அம்பேத்கர் பேசினார். இந்த இழிவான வாழ்க்கையை விடுங்கள் என்றார். விட்டால் பிழைப்புக்கு என்ன செய்வது என்று என்னைக் கேட்காதீர்கள், நூறு வழி இருக்கிறது என்றார். கடுமையான பேச்சு. படிக்கும்போது எனக்கும் சுருக்கென்று குத்தும். நூறு வழியில் ஒன்றாவது எங்கள் அக்காவுக்குத் திறந்திருந்ததா என்று அவரிடம் சண்டை போடத் தோன்றும். சண்டை போடலாம், அவர் நம் வீட்டுப் பெரியவர். ஆனால் அவர் செய்ததைக் கவனியுங்கள். அந்தப் பெண்களை மண்டபத்துக்குக் கூப்பிட்டார். எதிரில் உட்காரவைத்தார். முகத்தைப் பார்த்துப் பேசினார். என்னோடு வாருங்கள் என்பதற்காகத்தான் அதை விடுங்கள் என்றார். அவர்கள் பேரைச் சிவப்பு மையில் அடித்துவிட்டு, மண்டபத்துக்கு வெளியே நிற்கவைத்துவிட்டு, உள்ளே குடும்பப் பெண்களிடம் மானம் பேசவில்லை.

நாம் என்ன செய்தோம்? 2005 செப்டம்பரில் குஷ்பு ஒரு பத்திரிகையில் கல்யாணத்துக்கு முந்தைய உறவு பற்றி ஒரு கருத்துச் சொன்னார். துடைப்பமும் செருப்பும் எடுத்துக்கொண்டு வீதிக்கு வந்தவர்களில் பா.ம.க.வோடு தோள்சேர்ந்து நின்றது யார்? விடுதலைச் சிறுத்தைகள். நம் பிள்ளைகள். தமிழ்ப் பெண்களின் கற்பைக் காப்பாற்ற! இருபதுக்கும் மேற்பட்ட வழக்குகளை 2010 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் தள்ளியது. கற்பு யாருடைய சொத்து? நம் ஆயாக்களுக்கு மார்பை மூடுகிற உரிமையே போராடித்தான் கிடைத்தது தென்திருவிதாங்கூரில். கற்பு இருப்பதாக நம் பெண்களைப் பற்றி என்றைக்காவது இந்த ஊர் ஒப்புக்கொண்டிருக்கிறதா? ஒப்புக்கொள்ளாத சொத்துக்கு நாம் ஏன் காவலாளி வேலை பார்க்கவேண்டும், அதுவும் சம்பளமில்லாமல்?

அதே 2005-ல் மகாராஷ்டிர அரசு டான்ஸ் பார்களை மூடியது. பெண்களின் மானம் காக்கத்தான். ஆனால் மூன்று நட்சத்திர ஓட்டலுக்கும் அதற்கு மேலும் விலக்கு. நட்சத்திரம் இருந்தால் அதே ஆட்டம் கலாச்சாரம். தெருவுக்கு வந்தவர்களில் நாடோடிச் சமூகங்களிலும் ஒடுக்கப்பட்ட சாதிகளிலும் பிறந்த பெண்கள் நிறையப் பேர். அந்தத் தடை செல்லாது என்று உச்ச நீதிமன்றம் சொல்ல 2013 ஆனது.

எங்கள் ஊர்ச் சுவர்களில் ஆபாசப் போஸ்டர்களுக்கு மாதர் அமைப்புகளும் இளைஞர் அமைப்புகளும் தார் பூசிய காலம் ஒன்று உண்டு. தோழரும் பூசியிருக்கிறார், பெருமையாகச் சொல்வார். நல்ல நோக்கம்தான், நான் கேலி செய்யவில்லை. பெண்ணைச் சரக்காக்குகிற வியாபாரத்தை எதிர்க்கத்தான் செய்தார்கள். ஆனால் தாரை எதன்மேல் பூசினீர்கள்? போஸ்டரின் அடியில் தயாரிப்பாளர் பேர் இருந்தது, விநியோகஸ்தர் பேர் இருந்தது, தியேட்டர் பேர் கொட்டை எழுத்தில் இருந்தது. எதன்மேலும் பூசவில்லை. அவள் மார்பில் பூசினீர்கள், தொடையில் பூசினீர்கள், சில சமயம் முகத்திலும் பூசினீர்கள். மறுநாள் காலையில் தண்ணீர் பிடிக்க வந்த நாங்கள் பார்த்தது தார் வழிகிற ஒரு பெண் முகம். கீழே தியேட்டர் பேர் பளிச்சென்று இருந்தது. பதினோரரை மணிக் காட்சி தவறாமல் ஓடியது.

போன வாரம் அக்காவைப் பார்க்கப் போனேன். இட்லிக் கடை வைத்திருக்கிறாள். பிள்ளைகளில் ஒருத்தி நர்சு. கை மடித்து மாவு ஊற்றும்போது தேள் தெரிகிறது, வயசான தோலில் நீலம் பாரித்து. மகளிர் தினக் கூட்டம் தள்ளிப்போய் ஏப்ரலுக்கு வந்துவிட்டது, நீ மேடையில் பேசு அக்கா என்றேன். அடுப்பைக் குறைத்தாள். ரொம்ப நேரம் ஒன்றும் சொல்லவில்லை. பிறகு, "வரேன். நோட்டீசுல இன்னா பேரு போடுவ?" என்றாள்.

நோட்டீஸ் இன்னும் அச்சகத்துக்குப் போகவில்லை. சிவப்புப் பேனா தோழரிடம் இருக்கிறது.